ஒரே சாலை

தேனியிலிருந்து தெற்கே குமுளி வரை பிரயாணம் செய்தவர்களுக்கு நான் சொல்லப்போவது எளிதில் விளங்கும். வலக் கைப் பக்கம் ஏலமலை. இடக் கைப் பக்கம் மேகமலை. இரண்டுக்கும் நடுவே முல்லைப் பெரியாறு, அதன் வாய்க்கால்கள், நெல் வயல்கள், தென்னந்தோப்புகள், திராட்சைப் பந்தல்கள். வீரபாண்டி, சின்னமனூர், உத்தமபாளையம், கம்பம், கூடலூர் என்று ஊர்கள் ஒன்றன்பின் ஒன்றாக ஒரே சாலையில் வந்துகொண்டிருக்கும். பார்க்க அழகான இடம். ஆனால் ஒருவர் கண்ணில் படக் கூடாது என்று நினைக்கிற மனிதனுக்கு இது மிகவும் சிறிய இடம். சந்தைக்குப் போனாலும், மதகில் தண்ணீர் திறக்கப் போனாலும், வீரபாண்டி மாரியம்மன் திருவிழாவுக்குப் போனாலும், யாரைப் பார்க்கக் கூடாதோ அவரே எதிரில் வருவார்.

இந்தச் சாலையோரத்தில் ஒரு டீக்கடை உண்டு. எந்த ஊர் என்று சொல்லாமல் விடுகிறேன். காரணம் பின்னால் தெரியும். அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் அங்கே இறங்கி ஒரு டீ குடிப்பது என் வழக்கம். கடைக்காரர் அறுபது வயதுக்காரர், அதிகம் பேசாதவர். ஒருமுறை நான் போனபோது கடையில் பலகை போட்டிருந்தது. பக்கத்துப் பழக்கடைக்காரரை விசாரித்தேன்.

"பெரியவரு இன்னும் ஒரு வாரத்துக்குத் திறக்க மாட்டாப்ல சார்" என்றார். உடம்புக்கு ஏதாவதா என்று கேட்டேன். "உடம்புக்கு ஒண்ணும் இல்ல" என்று சொல்லிவிட்டு, வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்.

அடுத்த முறை போனபோது கடை திறந்திருந்தது. கூட்டம் இல்லாத மத்தியான வேளை. பெரியவரே சொன்னார்.

பல வருஷங்களுக்கு முன் ஒரு சாயங்காலம், வாய்க்கால் மதகுக்குப் பக்கத்தில், தண்ணீர்த் தகராறில் ஒருவன் இன்னொருவனை வெட்டியதை அவர் கண்ணால் பார்த்திருக்கிறார். அவரோடு பார்த்தவர்கள் இன்னும் நான்கு பேர். வழக்கு நடந்தபோது நால்வரும் ஒன்றும் பார்க்கவில்லை என்று சொல்லிவிட்டார்கள். இவர் மட்டும் கூண்டில் ஏறி, பார்த்ததைப் பார்த்தபடி சொன்னார். வெட்டியவனுக்கு ஆயுள் தண்டனை. மதுரை மத்திய சிறைக்குப் போனான். இவர் கடைக்கு வந்து டீ போட ஆரம்பித்தார்.

"இப்ப அவரு மகளுக்குக் கல்யாணம். பதினஞ்சு நாள் லீவுல வந்தாப்ல. பால்காரன் சொல்லித்தான் எனக்கே தெரியும். வீட்டுல அழுகை. போடியில தங்கச்சி வீட்டுக்குப் போயிருங்கன்னா. எதுக்கு ஓடணும்? போகல. கடையைப் பூட்டிட்டு வீட்டுக்குள்ளேயே இருந்துட்டேன்."

"போலீஸார் உங்களிடம் ஒன்றும் சொல்லவில்லையா?"

"அவுக எதுக்குச் சொல்லப் போறாக? சாட்சி சொல்லியாச்சு, கேஸு முடிஞ்சுபோச்சு."

"அவன் ஏதாவது செய்தானா?"

பெரியவர் சிறிது நேரம் பேசவில்லை. "கடைசி நாளு, மதுரை பஸ்ஸுக்குப் போற வழியில என் வீட்டு வாசல்ல நின்னாப்ல. 'நல்லா இருக்கீகளாண்ணே?'ன்னு கேட்டாப்ல. நான் தலையை ஆட்டினேன். போயிட்டாப்ல. அவ்வளவுதான் சார். அதுக்கு என்ன அர்த்தம்னு இன்னிக்கு வரைக்கும் எனக்கு விளங்கல."

அந்தக் கேள்விக்கு இரண்டு அர்த்தம் இருக்கலாம். 'நடந்ததை மறந்துவிடுவோம்' என்பது ஒன்று. 'உன் வீடு எனக்குத் தெரியும்' என்பது மற்றொன்று. எது என்று கேட்டவனுக்குத்தான் தெரியும். ஆனால் அந்தப் பதினைந்து நாளைப்பற்றி எனக்குச் சந்தேகமே இல்லாத விஷயம் ஒன்று உண்டு. கைதி வெளியே இருந்த நாளெல்லாம் சாட்சி உள்ளே இருந்தார்.

கேட்டவுடன் எனக்குக் கோபம் வந்தது. கொலைகாரனுக்கு லீவு எதற்கு? உங்களில் பலருக்கும் இதே எண்ணம் தோன்றியிருக்கும். ஆனால் கோபத்தில் தோன்றுகிற நியாயத்தை ஒரு ராத்திரியாவது வைத்திருந்து பார்ப்பது நல்லது. நான் அப்படிப் பார்த்தேன்.

தமிழ்நாட்டில் 1982-ஆம் வருஷத்துத் தண்டனை நிறுத்திவைப்பு விதிகள் என்று ஒன்று இருக்கின்றன. தண்டனைக் கைதிக்கு அவசர விடுப்பு, சாதாரண விடுப்பு என்று இரண்டு வகை விடுப்பை அவை அனுமதிக்கின்றன. நெருங்கிய உறவினரின் மரணம், கடுமையான நோய், பிள்ளைகளின் கல்யாணம் ஆகியவற்றுக்கு அவசர விடுப்பு. சாதாரண விடுப்புக்கான காரணங்களைப் படித்தபோது எனக்கு வியப்பாக இருந்தது. குழந்தையைப் பள்ளிக்கூடத்தில் சேர்ப்பது, வீட்டைப் பழுது பார்ப்பது, பாகப்பிரிவினைத் தகராறைத் தீர்ப்பது, விதைப்பு, அறுவடை! சட்டம் எழுதிய யாரோ ஒருவர் கிராமத்தைக் கண்ணால் பார்த்திருக்கிறார். கம்பம் பள்ளத்தாக்கில் பெரியாற்றுத் தண்ணீரில் இருபோகம் விளைகிற நிலம் 14,707 ஏக்கர். அணையைத் திறந்தபின் நாற்று காத்திருக்காது. கைதியின் தண்டனை முடியும்வரை நிச்சயம் காத்திருக்காது.

விடுப்பு என்பது தண்டனையில் தள்ளுபடி அல்ல. தண்டனை அத்தனை நாள் நிறுத்திவைக்கப்படுகிறது, அவ்வளவே. கோவாவிலிருந்து வந்த ஒரு வழக்கில், பரோலில் இருந்த நாட்களைச் சிறைவாசக் கணக்கில் சேர்க்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2023 ஜனவரியில் சொல்லியிருக்கிறது. ஆகவே மகள் கல்யாணத்துக்கு வந்தவன் கடனைக் குறைத்துக்கொள்ளவில்லை, தவணையைத் தள்ளிப்போட்டிருக்கிறான்.

நீதிமன்றம் அவனிடமிருந்து எடுத்துக்கொண்டது அவன் சுதந்திரத்தை. தகப்பன் என்ற உறவை அது எடுத்துக்கொள்ளவில்லை. எடுக்க யாருக்கும் அதிகாரமும் இல்லை. மணையில் உட்கார்ந்த அந்தப் பெண் யாரையும் வெட்டவில்லை. ராஜீவ் காந்தி கொலை வழக்கைவிடப் பெரிய வழக்கு நம் காலத்தில் இல்லை. அதில் தண்டனை பெற்ற பேரறிவாளனுக்கு, நோயாளியான தந்தையைப் பார்க்க 2017-ல் ஒரு மாதம் விடுப்புக் கிடைத்தது. நளினிக்கு, மகளின் கல்யாண ஏற்பாட்டுக்காக 2019-ல் ஒரு மாதம் கிடைத்தது. சென்னை உயர் நீதிமன்றத்தில் அவரே நின்று வாதாடிப் பெற்றார். அதனால் வானம் இடிந்து விழுந்துவிடவில்லை.

இன்னொரு விஷயமும் உண்டு. சிறையில் இருப்பவர்கள் எல்லாரும் குற்றவாளிகள் என்று சத்தியம் செய்ய நம்மில் யாரால் முடியும்? இதே பள்ளத்தாக்கில், சுருளி அருவிப் பக்கத்தில் 2011-ல் இரண்டு இளம் உயிர்கள் கொல்லப்பட்டன. ஊரே பதறியது. தேனி நீதிமன்றம் 2018-ல் ஒருவருக்கு மரண தண்டனை விதித்தது. உயர் நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம், குற்றம் நிரூபிக்கப்படவில்லை என்று அவரை விடுதலை செய்தது. இறந்தவர்களின் பெற்றோருக்கு இன்றும் பதில் இல்லை; சிறையில் போன வருஷங்கள் அவருக்கும் திரும்பி வரப்போவதில்லை. மனிதர்கள் சொல்கிற தீர்ப்பில் தவறு வரும் என்பதை ஒப்புக்கொள்கிற சமூகம், சிறைக் கதவில் ஒரு சிறிய திட்டி வாசலையாவது வைத்திருக்கத்தான் வேண்டும்.

ஆகவே அவனுக்கு விடுப்புக் கொடுத்தது தவறு என்று நான் சொல்லமாட்டேன். அப்படியானால் டீக்கடைப் பெரியவருக்கு நேர்ந்தது என்ன? அது தவறு இல்லையா?

தவறுதான். அந்தத் தவறு எங்கே இருக்கிறது என்பதுதான் கேள்வி.

பெரியவருக்கு அந்த வழக்கில் ஒரு லாபமும் கிடையாது. செத்தவன் அவருக்கு உறவு இல்லை. வெட்டியவன் பகையும் இல்லை. கண்டதைச் சொல்லு என்று சர்க்கார் கேட்டது, சொன்னார். அவர் சொன்ன சொல்லின்மேல்தான் அந்தத் தீர்ப்பே நிற்கிறது. மற்ற நால்வரைப்போல அவரும் தலையை ஆட்டியிருந்தால் வழக்கு அன்றைக்கே சரிந்திருக்கும். இப்படி ஒருவரிடம் கைமாற்று வாங்கிய சர்க்கார், வேலை முடிந்ததும் அவரை மறந்துவிட்டது. 'கேஸு முடிஞ்சுபோச்சு' என்று அவரே சொன்னாரே, அதைக் கேட்டபோது என் மனம் கஷ்டப்பட்டது. சர்க்காரின் மறதியை அவர் நியாயம் என்றே எடுத்துக்கொண்டிருந்தார்.

சட்டம் அப்படி மறக்கச் சொல்லவில்லை. ஆசாராம் பாபு என்ற சாமியாரின் மீது நடந்த பாலியல் வழக்குகளில் சாட்சிகள் ஒருவர்பின் ஒருவராகத் தாக்கப்பட்டார்கள். சிலர் கொல்லப்பட்டார்கள். 2015-ல் சுடப்பட்டுப் பிழைத்த சாட்சி ஒருவரும், வேறு சிலரும் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்கள். அதன் பலனாக 2018 டிசம்பரில் சாட்சிகள் பாதுகாப்புத் திட்டம் நாடு முழுவதும் சட்டத்தின் பலத்தோடு வந்தது. 2024 ஜூலை முதல் அமலில் இருக்கும் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமும், ஒவ்வொரு மாநிலமும் இப்படி ஒரு திட்டம் வகுக்க வேண்டும் என்கிறது.

அந்தத் திட்டத்தில், ஆபத்து விசாரணையின்போது வந்தாலும் சரி, அதற்குப் பிறகு வந்தாலும் சரி, பாதுகாப்புக் கேட்கலாம் என்று எழுதியிருக்கிறது. 'அதற்குப் பிறகு' என்ற அந்தச் சொல் நம் பெரியவரைப் போன்றவர்களுக்காகவே போட்டது என்று நினைக்கிறேன். மாவட்ட நீதிபதியின் தலைமையில் ஒரு குழு. போலீஸ் அதிகாரி ஐந்து வேலை நாளுக்குள் ஆபத்தின் அளவை ஆராய்ந்து அறிக்கை தர வேண்டும். சாட்சி மட்டும் அல்ல, குடும்பத்தாரும் வக்கீலும் மனுச் செய்யலாம். ஸ்டேஷன் அதிகாரியும் சிறைக் கண்காணிப்பாளரும்கூடச் செய்யலாம். கைதியை வெளியே அனுப்பும் அந்தக் கண்காணிப்பாளரே, அதே மேஜையில் உட்கார்ந்து, சாட்சிக்காகவும் ஒரு மனுப் போடலாம் என்று அர்த்தம்.

அந்தச் சாமியார் ஆயுள் தண்டனை அனுபவித்துக்கொண்டிருந்தபோது, 2025 ஜனவரியில் மருத்துவக் காரணத்துக்காக அவருக்கு இடைக்கால ஜாமீன் கிடைத்தது. சீடர்களைக் கூட்டமாகச் சந்திக்கக் கூடாது, சாட்சியத்தைக் கலைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் நிபந்தனை போட்டது. நோயாளிக்கு மருந்தும் வேண்டும், சாட்சிக்கு உயிரும் வேண்டும் என்று இரண்டையும் ஒரே உத்தரவில் எழுத முடிகிறது. பெரிய வழக்கில் முடிகிற காரியம் வாய்க்கால் மதகு வழக்கில் ஏன் முடியவில்லை? அங்கே பத்திரிகைகள் பார்த்துக்கொண்டிருக்கின்றன; இங்கே பால்காரன் மட்டும்தான் செய்தி சொல்கிறான்.

என் கட்சியை இப்போது சொல்லிவிடுகிறேன். விடுப்பு விஷயத்தில் சாட்சிக்கு என்ன உரிமை என்று கேட்டால், மூன்று படிகளைப் பிரித்துப் பார்க்க வேண்டும். அறிவது ஒன்று, சொல்வது ஒன்று, தடுப்பது ஒன்று. முதல் இரண்டும் அவருக்கு உரியவை. மூன்றாவது உரியது அல்ல.

கைதி எந்தத் தேதியில் வருகிறான், எங்கே தங்குவான், எந்தத் தேதியில் திரும்புவான் என்பது ஊரில் பால்காரனுக்குத் தெரிவதற்கு முன்னால் சாட்சிக்குத் தெரிய வேண்டும். தெரிந்தால் அல்லவா மனுச் செய்ய முடியும்? ஐந்து நாளில் அறிக்கை வரும் என்பது, கல்யாணத்தன்று காலையில் செய்தி கேட்கிறவருக்கு என்ன பயன்? அடுத்து, அவர் பயத்தை யாராவது காது கொடுத்துக் கேட்க வேண்டும். விடுப்பு மனு வந்தால் நன்னடத்தை அலுவலர் விசாரிக்கிறார். போலீஸின் அபிப்பிராயம் கேட்கப்படுகிறது. அந்த விசாரணை டீக்கடைக்கும் வரட்டும். பெரியவர் சொல்வது கைதியின் வீட்டுக்குப் போய்ச் சேராதபடி ரகசியமாக இருக்கட்டும். தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில், பரோல் கேட்கும் நடவடிக்கையிலும் பாதிக்கப்பட்டவரோ அவரைச் சார்ந்தவரோ தம் கட்சியைச் சொல்லலாம் என்று 2016 முதல் அமலில் உள்ள திருத்தம் சொல்கிறது. வழி இருக்கிறது, அதை வெறும் வேடிக்கை பார்த்ததால் சாட்சியானவருக்கும் நீட்ட வேண்டும் என்றுதான் கேட்கிறேன்.

தடுக்கும் உரிமையை மட்டும் ஏன் மறுக்கிறேன்? தண்டனை சாட்சியின் சொத்து அல்ல; அது சர்க்காருடையது. பழைய பகையும் சாதிக் கசப்பும் உள்ள ஊரில், 'நான் சம்மதிக்கமாட்டேன்' என்ற ஒரு சொல்லை எவன் கையிலும் ஆயுதமாகக் கொடுக்கக் கூடாது. அதைவிடப் பெரிய காரணம் சாட்சியின் க்ஷேமமே. விடுப்பு அவர் தலையசைப்பில் இருக்கிறது என்று தெரிந்தால் என்ன நடக்கும்? கைதியின் மனைவி வந்து காலில் விழுவாள். அண்ணன் தம்பிகள் வந்து வாசலில் நிற்பார்கள். எந்தப் பயத்திலிருந்து அவரைக் காக்க நினைக்கிறோமோ அந்தப் பயத்தை நாமே அவர் வீட்டுக்கு அனுப்பினதாகும். தீர்மானிக்கிற பாரம் அதிகாரியின் தோளிலேயே இருக்கட்டும். அதற்குத்தான் சம்பளம் வாங்குகிறார்.

கைதியை அந்த ஊருக்கே வரவிடாமல் செய்தால் என்ன என்று ஒரு நண்பர் கேட்டார். சில வழக்குகளில் அதுவும் தேவைதான். மதுரை மாவட்டம் மேலவளவில் 1997 ஜூன் 30-ஆம் தேதி ஊராட்சித் தலைவர் முருகேசனும் மற்றும் ஐந்து பேரும் கொல்லப்பட்டார்கள். அந்த வழக்கில் தண்டனை பெற்றவர்களில் 13 பேரை 2019 நவம்பரில் அரசு முன்கூட்டியே விடுதலை செய்தது. வழக்கு முடியும்வரை அவர்கள் மேலவளவுக்குள் நுழையக் கூடாது என்று உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இடைக்காலமாக உத்தரவிட்டது. கல்யாணம் என்றால் தேனியிலோ மதுரையிலோ ஒரு மண்டபத்தில் நடத்திக்கொள்ளலாம். தகப்பன் அங்கேயே தங்கி அங்கிருந்தே திரும்பலாம். ஆனால் ஓட்டு மாற்றவும் நெல் அறுக்கவும் கிடைத்த விடுப்பை வேறு ஊரில் கழிக்க முடியாது. அப்போது அவன் ஊருக்கு வந்தே தீர வேண்டும். அப்படி வருகிற நாட்களில் இருவரில் ஒருவருடைய நடமாட்டம் கொஞ்சம் சுருங்கத்தான் வேண்டும் என்றால், யாருடையது சுருங்க வேண்டும்? தினமும் ஸ்டேஷனில் கையெழுத்துப் போடுவதும், இன்ன தெருவுக்குப் போகாமல் இருப்பதும், இன்ன வீட்டு வாசலில் நிற்காமல் இருப்பதும் கைதியின் பங்காக இருக்கட்டும். கடையைத் திறந்து வைத்திருப்பது சாட்சியின் பங்காக இருக்கட்டும். இன்று தலைகீழாக நடக்கிறது.

கூடலூருக்கு மேலே மலையுச்சியில் மங்கலதேவி கண்ணகி கோயில் இருக்கிறது. வருஷத்தில் சித்திரைப் பௌர்ணமி ஒரு நாள் மட்டும் ஜனங்களை மேலே விடுகிறார்கள். மதுரையை எரித்தபின் கண்ணகி இந்த மலைக்குத்தான் வந்தாள் என்பது இந்தப் பக்கத்து ஜனங்களின் நம்பிக்கை. பாண்டியன் செய்த தவறு என்ன? அவன் கொடியவன் அல்ல என்றுதான் சிலப்பதிகாரம் படித்தவர்கள் சொல்வார்கள். கேட்க வேண்டிய ஒருத்தியை அவன் கேட்கவில்லை. பொற்கொல்லன் சொன்னதைக் கேட்டான், காவலர்களை ஏவினான். சிலம்பின் மறு துணையைக் கையில் வைத்திருந்தவளை, காரியம் முடிந்த பிறகுதான் கேட்டான். விடுப்புக் காகிதத்தில் கையெழுத்துப் போடுகிற அதிகாரியும் கொடியவர் அல்ல. பெண்ணின் கல்யாணத்துக்குத் தகப்பன் போய் வரட்டும் என்ற இரக்கம்தான் அவரைக் கையெழுத்துப் போட வைத்தது. ஆனால் கேட்க வேண்டிய ஒருவரைக் கேட்காத இரக்கம், இன்னொரு வீட்டில் பயமாகப் போய் இறங்குகிறது.

இதையெல்லாம் யோசித்துக்கொண்டு மூன்றாம் முறையாக அந்தக் கடைக்குப் போனேன். "அவனுக்கு லீவு கொடுத்திருக்கக் கூடாது என்று நினைக்கிறீர்களா?" என்று கேட்டேன்.

"அது எப்படி சார்? பொண்ணு கல்யாணத்துக்கு அப்பன் வர வேணாமா? எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருந்தா, பயப்படுறதா வேண்டாமான்னு நானே முடிவு பண்ணியிருப்பேன்" என்றார். பிறகு, "அடுத்த அறுப்புக்கும் லீவு கேட்டிருக்காப்லன்னு பேச்சு" என்றார்.

பாதுகாப்புத் திட்டத்தைப்பற்றி எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். கடை பெஞ்சிலேயே உட்கார்ந்து ஒரு மனுவும் எழுதிக் கொடுத்தேன். அவர் அதை இரண்டு முறை படித்தார். "இதுல கையெழுத்துப் போட்டா, நான் பயந்துட்டேன்னு அவுகளுக்குத் தெரிஞ்சுபோகுமே சார்?" என்றார். விசாரணை ரகசியமாகவே நடக்கும், வெளியே தெரியக் கூடாது என்று திட்டத்திலேயே எழுதியிருக்கிறது என்றேன்.

"எழுதியிருக்கும்" என்றார்.

பஸ் வந்துவிட்டது. நான் ஏறி உட்கார்ந்து திரும்பிப் பார்த்தபோது, பெரியவர் அந்தக் காகிதத்தை நாலாக மடித்துக் கல்லாப் பெட்டியில் சில்லறைக்கு அடியில் வைத்துக்கொண்டிருந்தார். கையெழுத்துப் போட்டாரா என்று அடுத்த முறை போகும்போது கேட்க வேண்டும். அறுப்புக்கு இன்னும் அதிக நாள் இல்லை.